உள்ளே ஆள் இருக்குதா

அவருடைய வலது காதுக்குப் பின்னால், எலும்பு புடைத்திருக்கும் இடத்தில், ஒரு காய்ப்பு இருந்தது. முழ நீளத் திருப்புளி ஒன்றின் மரக் கைப்பிடியை வருஷக்கணக்காக அங்கே வைத்து அழுத்தியதால் வந்த காய்ப்பு. திருப்புளியின் முனை ஓடிக்கொண்டிருக்கிற ஆயில் இன்ஜின் மேல் இருக்கும், கைப்பிடி காதுக்குப் பின்னால் இருக்கும், கண் மூடியிருக்கும். வால்வு தட்டுகிறதா, பேரிங் தேய்ந்துவிட்டதா என்று அந்த இரும்புக் கம்பி வழியாக அவருக்குச் சேதி வரும். டாக்டர் சொன்னதை நம்பாதவர்கள்கூட எங்கள் பக்கத்தில் இவர் சொன்னதை நம்பினார்கள். அதுதான் பிறகு எங்கள் வீட்டில் வினையாக வந்து முடிந்தது.

அவர் பெயரை எழுதப் போவதில்லை. எழுதினாலும் எங்கள் ஊரான உறுவையாற்றில் பாதிப் பேருக்கு யாரென்று தெரியாது. பிட்டர் என்றால் தெரியும். வில்லியனூர் ரயில்வே கேட்டுக்குப் பக்கத்தில் தகரம் போட்ட ஒரு கொட்டகை, வாசலில் பிரித்துப் போட்ட இரண்டு மூன்று இன்ஜின், உள்ளே ஒரு கயிற்றுக் கட்டில். அவ்வளவுதான் அவர் குடித்தனம். பெண்டாட்டி பிள்ளை கிடையாது. ஏன் என்று நான் கேட்டதில்லை, அவரும் சொன்னதில்லை. நாற்பது வயதிருக்கும். காக்கிக் கால்சட்டை, பொத்தான் போடாத சட்டை, எப்போதும் டீசல் வாசம்.

எங்கள் பக்கத்தில் இன்ஜினோடு பேசாத விவசாயி அப்போது கிடையாது. ஆயுத பூஜைக்கு மாலை போடுவது எல்லா ஊரிலும் உண்டு. இவர்கள் அதற்கும் மேலே. கைப்பிடி சுற்றுவதற்கு முன்னால் அதன் தலையைத் தடவி, ராசா, இந்த ஒரு மடை மட்டும் பாய்ச்சிடுடா என்று கெஞ்சுவார்கள். ஓடாவிட்டால் அதன் ஆத்தாளையும் இழுத்துத் திட்டுவார்கள். என் அப்பா ஒருமுறை கோபம் தாங்காமல் எங்கள் இன்ஜினை எட்டி உதைத்துவிட்டு, கால் வீங்கியதற்கும் அதையே குற்றம் சொன்னார். பிட்டருக்கு இந்தப் பேச்சு ஆகாது. திருப்புளியை வைத்துக் காது கொடுக்கும்போது பக்கத்தில் யாராவது இன்ஜினைக் கொஞ்சினால் கண்ணைத் திறக்காமலே சொல்வார்.

"அதுக்குக் காது இல்ல. எனுக்கு இருக்குது. கொஞ்சம் சும்மா இருங்க."

அவர் வாயில் அதிகமாக வந்த வார்த்தை 'தெரியல'. மற்ற மெக்கானிக்குகள் சைக்கிளை விட்டு இறங்குவதற்குள்ளேயே, நாசில் போச்சு, பம்ப்பு போச்சு என்று ஆரம்பித்துவிடுவார்கள். இவர் ஒரு மணி நேரம் கேட்டுவிட்டு, தெரியல, நாளைக்கு வர்றேன் என்று கிளம்பிவிடுவார். தண்ணீர் இல்லாமல் நாற்று காய்ந்துகொண்டிருக்கிறவனுக்கு எப்படி இருக்கும்! கரும்புக்காரர் ஒருவர், இத்தனை தெரியலைக்கு நானே இன்ஜினைப் பிரிச்சிருப்பேனே என்று கத்தியதைப் பார்த்திருக்கிறேன். பிரிங்க, நானும் தெரிஞ்சிக்கணும் என்றார் இவர். கிண்டல் இல்லை, நிஜமாகவே சொன்னார். ஆனால் அவர் ஒரு இன்ஜினைப் பார்த்து, இது செத்துடுச்சு என்று சொல்லிவிட்டால் அதற்கு மேல் யாரும் பேச மாட்டார்கள். கயிறு கட்டித் தூக்கிப் பழைய இரும்புக்குப் போட்டுவிடுவார்கள்.

நான் அப்போது வில்லியனூர் கொம்யூன் பஞ்சாயத்து அலுவலகத்தில் டைப்பிஸ்ட். பெரியவர்கள் அதை 'மேரி' என்பார்கள். பிரெஞ்சுக்காரன் போயும் அந்த வார்த்தை அவர்கள் வாயை விட்டுப் போகவில்லை. அலுவலகத்துக்கு ஒரு கணக்கு மெஷின் வந்தது. எண்ணை அழுத்திவிட்டுப் பக்கத்தில் இருக்கும் கைப்பிடியைச் சுற்றினால் கூட்டிக் காட்டும். ஏரிப் பாசன நிலங்களின் பரப்பைக் கூட்டுவதற்கு என்று வாங்கினார்கள். தலைமை குமாஸ்தா அதை யாரையும் தொட விடமாட்டார். வருகிறவர் போகிறவரிடமெல்லாம், இதுக்கு நம்மளவிட மூளை ஜாஸ்தி என்று பெருமை அடிப்பார். ஏதோ மனு கொடுக்க வந்த பிட்டரிடமும் அடித்தார். பிட்டர் மெஷினைச் சுற்றிவந்து பார்த்தார். தப்பாகப் போட்டால் இதுக்கு வெட்கமாக இருக்குமா சார் என்று கேட்டார். அது தப்பே போடாது என்றார் குமாஸ்தா. அப்படின்னா சரியாப் போட்டதும் அதுக்குத் தெரியாதே என்றார் பிட்டர்.

நான் சிரித்துவிட்டேன். அதற்குத் தண்டனையாக அன்று சாயங்காலம் ஏழு பக்கம் டைப் அடித்தேன். ஆனால் அந்தக் கேள்வி என்னை விடவில்லை. அடுத்த முறை கொட்டகைப் பக்கம் போனபோது, உங்களுக்கு எல்லாவற்றிலும் இதுதானா சந்தேகம் என்று கேட்டேன். அவர் கையில் இருந்த கிரீஸைத் துடைத்துக்கொண்டே, எனக்கு வேற சந்தேகமே கிடையாதும்மா என்றார். ஒரு பொருள் ஓடுகிறது, கூப்பிட்டால் பதில் கொடுக்கிறது, உதைத்தால் நிற்கிறது. அதெல்லாம் வெளியே தெரிகிற வேலை. உள்ளே ஆளு இருக்குதா என்பது வேறு விஷயம். இன்ஜினுக்கு இல்லையென்று தனக்குத் தெரியும், ஏனென்றால் கடைசி ஸ்குரூ வரைக்கும் தானே கழற்றிப் பார்த்தாயிற்று. மனுஷனை யாரும் அப்படிக் கழற்றிப் பார்க்கவில்லை. உனக்குள்ளே ஆள் இருக்கிறது என்று நான் நினைத்துக்கொள்கிறேன், எனக்குள்ளே இருப்பது எனக்கு மட்டும்தான் தெரியும். இப்படிப் போனது அவர் பேச்சு. நாலாங்கிளாஸ் படித்தவர். எனக்குத் தலை சுற்றியது.

அவருடைய இந்தப் பைத்தியம் ஒருமுறை வெளியூர்க்காரர்களிடம் போய் முட்டியது. வில்லியனூர் தேருக்கு ராட்டினம், வளையல் கடையோடு ஒரு 'இரும்பு மனுஷன்' கொட்டகையும் வந்திருந்தது. தகரத்தில் செய்து வெள்ளிப் பெயிண்ட் அடித்த ஆள் உயரப் பொம்மை. கண்ணுக்கு இரண்டு பல்பு. நாம் கேள்வி கேட்டால் யோசிப்பதுபோல் பல்பு மினுக்கும். பிறகு மணி அடிக்கும், ஒன்று என்றால் ஆமாம், இரண்டு என்றால் இல்லை. எனக்கு இந்த வருஷம் கல்யாணம் நடக்குமா என்று நானே கேட்டேன். இரண்டு மணி அடித்தது. சனியன், அதுவாவது உண்மை சொன்னது.

பிட்டரும் டிக்கெட் எடுத்து வந்திருந்தார். அவர் கேள்வி எதுவும் கேட்கவில்லை. இடுப்பில் இருந்த திருப்புளியை எடுத்து பொம்மையின் முதுகில் வைத்துக் கண்ணை மூடினார். கொட்டகைக்காரன் ஓடிவருவதற்குள், உள்ள ஆளு இருக்குது, இருமலை அடக்கிக்கிட்டு இருக்குது என்று சொல்லிவிட்டார். கூட்டம் ஊளையிட்டது. யாரோ முதுகுப் பக்கத் தகரத்தைப் பிடித்து இழுத்தார்கள். உள்ளே, முட்டியை நெஞ்சோடு மடித்துக்கொண்டு, ஒல்லியாக நடுவயதுக்காரர் ஒருவர் வேர்வையில் நனைந்து உட்கார்ந்திருந்தார். வெளிச்சம் பட்டதும் கையால் முகத்தை மூடிக்கொண்டார்.

எல்லாரும் சிரித்தோம். பிட்டர் சிரிக்கவில்லை. போய் ஒரு சோடா வாங்கிவந்து அந்த ஆளிடம் கொடுத்துவிட்டுத் தேர் பார்க்காமலே வீட்டுக்குப் போய்விட்டார். அடுத்த வாரம் அதைப் பற்றிப் பேச்செடுத்தேன். வெறும் மெஷினாக இருந்திருந்தால் தான் சொன்னதில் யாருக்கும் ஒன்றும் ஆகியிருக்காது என்றார். உள்ளே ஆள் இருந்ததால்தான் சொன்னது தப்பாகிவிட்டது என்றார்.

இனிமேல் என் தம்பியைப் பற்றிச் சொல்லவேண்டும். அவனைச் சொல்லாமல் பிட்டரைச் சொல்ல முடியாது.

தம்பி பெயர் சேகர். எனக்கு மூன்று வயது இளையவன். எனக்கு அமையாத கல்யாணம் அவனுக்கு முதலில் அமைந்தது, சோரியாங்குப்பத்துப் பெண். பெயர் மல்லிகா, பத்தொன்பது வயது. வந்து எட்டு மாதம். கிணற்றில் தண்ணீர் கீழே போய்விட்டதால், எல்லாரும் செய்வதுபோல அப்பாவும் இன்ஜினைக் கிணற்றுக்குள் பாதி ஆழத்தில் மேடை கட்டி இறக்கி வைத்திருந்தார். புகைக்குழாய் மேலே வரவேண்டும். அதில் ஒரு இணைப்பு விட்டுப்போயிருந்தது. பிட்டர் இரண்டு தடவை சொல்லியிருந்தார். அறுப்பு முடியட்டும் என்று அப்பா தள்ளிப்போட்டார். ஒரு மத்தியானம் சேகர் பெல்ட்டை மாட்டப் படியில் இறங்கினான். உள்ளே புகை நிறைந்து நின்றது. அவனை மேலே தூக்கும்போது மூச்சு இருந்தது. அவ்வளவுதான் இருந்தது.

புதுச்சேரி பெரிய ஆஸ்பத்திரியில் ஒரு மாதம் வைத்திருந்தார்கள். செய்ய வேண்டியதையெல்லாம் செய்தார்கள். உயிர் நிற்கும், நினைவு திரும்பாது என்று டாக்டர் அப்பாவைத் தனியாக அழைத்துச் சொன்னார். வீட்டுக்குக் கொண்டுவந்து நடுக்கூடத்தில் கட்டிலில் போட்டோம். கண் திறந்திருக்கும். தூங்கும்போது மூடும். கஞ்சியை ஸ்பூனில் வைத்தால் விழுங்குவான். பார்ப்பதுபோல இருக்கும், பார்க்கிறானா என்று தெரியாது. நான் அழவில்லை. அழுகை வரும் என்று காத்திருந்தேன். அலுவலகம் போனேன், டைப் அடித்தேன், வந்தேன். சாப்பிட்டால் சாப்பிட்டது தெரியவில்லை.

அம்மா மட்டும் அவன் இருக்கிறான் என்றாள். சேகரு என்று அவள் கூப்பிட்டால் அவன் கண் அவள் பக்கம் திரும்பும். அது நிஜம், நானும் பார்த்திருக்கிறேன். அப்பா அதை ஒத்துக்கொள்ளவில்லை. இன்ஜினை நிறுத்திய பிறகும் சக்கரம் கொஞ்ச நேரம் சுற்றும், அதுதான் இது என்றார். புகைக்குழாயைத் தள்ளிப்போட்டவர் அவர். மகன் உள்ளே இருந்துகொண்டு தன்னைப் பார்க்கிறான் என்று நினைக்க அவரால் முடிந்திருக்காது.

மல்லிகா ஒன்றும் சொல்லவில்லை. அவனைத் துடைத்தாள், திருப்பிப் படுக்கவைத்தாள், துணி மாற்றினாள், கட்டிலின் காலடியில் தரையில் தூங்கினாள். முதலில் கொஞ்சம் பேசிக்கொண்டிருந்தாள். மூன்றாவது மாதம் அதுவும் நின்றுவிட்டது. கூப்பிட்டால் வருவாள், சொன்னால் செய்வாள், சோறு வைத்தால் சாப்பிடுவாள். ஒருநாள் அடுப்பில் பால் பொங்கி வழிவதைப் பக்கத்தில் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். கையைப் பிடித்து உலுக்கினேன். சொல்லுங்க அண்ணி என்றாள். அந்தக் குரலைக் கேட்டு எனக்குப் பயமாகிவிட்டது. பிட்டரின் கேள்வியை எங்கள் வீட்டில் யாரைப் பார்த்துக் கேட்பது என்றே எனக்குத் தெரியவில்லை.

அவள் அண்ணன் மூன்றாவது முறையாக வந்தான். சண்டைக்கு வரவில்லை, மரியாதையாகத்தான் பேசினான். மாப்பிள்ளைக்கு நினைவு இருக்கிறது என்றால் தங்கச்சி இங்கேயே இருந்து செய்யட்டும், அது அவள் கடமை. இல்லையென்றால் பெரியவர்களை வைத்துத் தீர்த்துக் கூட்டிக்கொண்டு போகிறோம், சின்னப் பெண். அவன் கேட்டது அவ்வளவுதான். டாக்டர் சொன்னதை அப்பா சொன்னார். அம்மா எழுந்து நின்றாள்.

"டாக்டரு இன்னா கண்டாரு? பிட்டரை இட்டுக்கிணு வாங்க. இரும்புக்குள்ள இருக்கறதையே சொல்றவரு, எம்புள்ளைக்குள்ள இருக்கறதைச் சொல்ல மாட்டாரா?"

யாரும் சிரிக்கவில்லை. இப்போது எழுதும்போது எனக்கே நம்ப முடியவில்லை. ஆனால் அன்றைக்கு அந்தக் கூடத்தில் அது ரொம்ப நியாயமான பேச்சாக இருந்தது. அப்பா சரி என்றார். மல்லிகாவின் அண்ணன், அந்தப் பக்கத்து ஊர்களிலும் பிட்டரைப் பற்றிக் கேள்விப்பட்டவன், அவர் சொல்லுக்குக் கட்டுப்படுகிறேன் என்றான். எஸ்.எஸ்.எல்.சி. பாஸ் பண்ணி மேரியில் டைப் அடிக்கிற நானும் தலையை ஆட்டினேன். கூட்டிவர என்னையே அனுப்பினார்கள்.

விஷயத்தைக் கேட்டதும் பிட்டர் முடியாது என்றார். இன்ஜின் வேறு, மனுஷன் வேறு, எனக்கு அந்த வேலை தெரியாது என்றார். நீங்கள் வராவிட்டால் அம்மா ஒத்துக்கொள்ள மாட்டாள், அந்தப் பெண் அங்கேயே கிடந்து சாவாள் என்றேன். கடைசியில் திருப்புளியை எடுத்துக்கொண்டார். சைக்கிளைத் தள்ளிக்கொண்டே என்னோடு நடந்தார். ஆற்றுப் பாலம் தாண்டியதும் நான் சொன்னேன். யாரும் சொல்லிக்கொடுத்து நான் சொல்லவில்லை. நானாகத்தான் சொன்னேன்.

"அண்ணா, யாரும் இல்லன்னு சொல்லிடுங்க."

அவர் சைக்கிளை நிறுத்தினார். "இருந்தா?"

"இருந்தாலும்."

என் கூடப் பிறந்தவனைப் பற்றித்தான் அப்படிச் சொன்னேன். நான் இடுப்பில் தூக்கி வளர்த்த பிள்ளை. அவர் என் முகத்தைப் பார்க்கவில்லை. கேட்டுப் பாக்குறேன் என்று மட்டும் சொல்லிவிட்டு சைக்கிளைத் தள்ள ஆரம்பித்தார்.

கூடத்தில் எல்லாரும் சுவரோரமாக நின்றோம். பிட்டர் கை கால் கழுவிவிட்டு வந்து முதலில் அம்மாவைக் கூப்பிடச் சொன்னார். சேகரு என்றாள். கண் திரும்பியது. பிறகு அம்மாவைப் பேசாமல் இருக்கச் சொல்லிவிட்டு, ஒரு தட்டை எடுத்து எதிர்ப்பக்கத் தரையில் போட்டார். கண் அந்தப் பக்கமும் திரும்பியது. அம்மாவின் முகம் வாடிவிட்டது. தட்டுக்கும் திரும்புதும்மா என்று அவர் மெதுவாகத்தான் சொன்னார்.

அதன்பிறகு திருப்புளியை எடுத்தார். தோளில் இருந்த துண்டைக் கிழித்து முனையில் மூன்று சுற்று சுற்றினார். சேகரின் நெற்றியில், புருவத்துக்கு மேலே, குழந்தைக்குப் பொட்டு வைப்பதுபோல அதை வைத்தார். காய்ப்பில் கைப்பிடியை வைத்துக் கண்ணை மூடினார். எவ்வளவு நேரம் என்று எனக்குத் தெரியாது. நெற்றியில் கேட்டார், நெஞ்சில் கேட்டார், திரும்பவும் நெற்றிக்கு வந்தார். அவர் உதடு உலர்ந்திருந்தது.

மல்லிகா பின்கட்டிலிருந்து, என்ன நடக்கிறதென்று தெரியாமல், தண்ணீர்க் குடத்தோடு வந்து நிலைப்படியில் நின்றாள். கண்ணாடி வளையல் குடத்தில் இடித்துச் சத்தம் வந்தது. பிட்டர் கண்ணைத் திறந்தார். அவளைப் பார்த்தார். திரும்ப மூடிக்கொண்டு கேட்டார். பிறகு திருப்புளியை எடுத்துத் துணியை அவிழ்த்து மடித்துச் சட்டைப் பையில் வைத்தார். அவர் நின்றது தம்பியின் தலைமாட்டில். அங்கே நின்றபடியே அம்மாவைப் பார்த்துச் சொன்னார்.

"உள்ள யாரும் இல்லம்மா."

அம்மா மண்ணை வாரித் தூற்றவில்லை, தலையில் அடித்துக்கொள்ளவில்லை. எம்புள்ளையை உசிரோட செத்தவன்னு சொன்ன வாய் வெளங்குமா என்று ஒரே ஒரு தடவை சொல்லிவிட்டுச் சமையல்கட்டுக்குப் போய்விட்டாள். மறுவாரம் பெரியவர்கள் வந்து தீர்த்தார்கள். மல்லிகா ஒரு தகரப் பெட்டியோடு சோரியாங்குப்பம் போனாள். போகும்போது கட்டிலைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். வண்டி ஏரிக்கரைப் பக்கம் திரும்பும்வரை நின்றேன். நல்லது நடந்துவிட்டது என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். மனசில் எதுவும் அசையவில்லை.

அதற்கு மூன்றாம் நாள் சாயங்காலம் பிட்டர் வாசலில் வந்து நின்றார். உள்ள வரலாமா என்று கேட்டார். யாரைக் கேட்கிறார் என்று புரியவில்லை. பிறகு உள்ளே வந்து கட்டிலுக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தார். தம்பியிடம் பேச ஆரம்பித்தார். யார் வீட்டுப் பம்ப்பில் இன்றைக்கு என்ன கோளாறு, கிணற்றில் தண்ணீர் எத்தனை படி ஏறியிருக்கிறது, பாகூர் ஏரி நிரம்பியதா. இன்ஜினோடு பேசுகிறவர்களை ஆயுசு முழுக்க அதட்டிய மனுஷன். அரைமணி நேரம் பேசிவிட்டு, வர்றேன் சேகரு என்று எழுந்து போனார்.

மறுநாளும் வந்தார். அதற்கடுத்த நாளும் வந்தார். மழை நாளில் கோணிப்பையைத் தலையில் போட்டுக்கொண்டு வந்தார். அப்பாவுக்கு எரிச்சல். யாரும் இல்லைன்னு சொன்னீரே, இப்போ யார்கிட்டப் பேசுறீர் என்று ஒருநாள் முகத்துக்கு நேரே கேட்டுவிட்டார். சும்மாதான் என்றார் பிட்டர். அம்மா பல மாதம் அவர் முகத்தைப் பார்க்கவில்லை. அவர் வந்தால் எழுந்து கொல்லைக்குப் போய்விடுவாள். அவள் திட்டுவதெல்லாம் ஊர் மூலமாக அவர் காதுக்குப் போகும். நான்தான் அப்படிச் சொல்லச் சொன்னேன் என்று ஒரு வார்த்தை அம்மாவிடம் சொல்லியிருந்தால் போதும், அத்தனை சாபமும் என் பக்கம் திரும்பியிருக்கும். நான் சொல்லவில்லை. அவரும் சொல்லவில்லை. ஒரு கட்டத்தில் அம்மா அவர் வரும் நேரத்துக்கு ஒரு சொம்புத் தண்ணீரைக் கட்டில் பக்கத்தில் வைத்துவிட்டுப் போக ஆரம்பித்தாள். திட்டுவதை மட்டும் விடவில்லை.

சேகர் ஒரு கார்த்திகை மாதம் காய்ச்சலில் போனான். பிட்டர் சுடுகாடு வரை வந்தார். அதன்பிறகு எங்கள் வீட்டுப் பக்கம் வரவில்லை. மல்லிகாவுக்குப் பாகூரில் மளிகைக் கடை வைத்திருக்கும் குடும்பத்தில் இரண்டாம் கல்யாணம் ஆனது. பல வருஷம் கழித்து பாகூர் பஸ் ஸ்டாண்டில் பார்த்தேன். இடுப்பில் ஒன்று, கையில் ஒன்று. அண்ணி என்று ஓடிவந்து கையைப் பிடித்துக்கொண்டாள், மூச்சுவிடாமல் பேசினாள். அவளைப் பார்த்து நான் சந்தோஷப்பட்டேன். அதை மறைக்கத் தேவையில்லை.

கடைசியாகப் பிட்டரைப் பார்த்தது எண்பதுகளின் நடுவில். எங்கள் அலுவலகத்தில் ஐந்தாறு பேரைப் புதுச்சேரிக்கு கம்ப்யூட்டர் காட்ட அழைத்துப் போயிருந்தார்கள். திரும்பி வரும்போது வில்லியனூர் டீக்கடையில் அவர் உட்கார்ந்திருந்தார். தலை நரைத்திருந்தது. எல்லா இடத்திலும் கரண்டு மோட்டார் வந்துவிட்டது, அவரும் மோட்டார் காயில் கட்டப் பழகியிருந்தார். எனக்கும் ஒரு டீ சொன்னார். கம்ப்யூட்டரைப் பற்றிச் சொன்னேன். என் பெயரைத் தட்டச்சு செய்ததும் அது என் பெயரைச் சொல்லி வணக்கம் என்று எழுதியது, இன்னும் பத்து வருஷத்தில் இது யோசிக்கவே ஆரம்பித்துவிடும் என்று அதைக் காட்டிய ஆபீஸர் சொன்னார் என்றேன். பேரைச் சொன்னதும் நீ இன்னா பண்ணே என்று கேட்டார். சிரித்தேன் என்றேன்.

"அது யோசிக்குதா இல்லியான்னு எனுக்குத் தெரில. சிரிச்சது நீதான்."

அதற்குப் பிறகு டீ கிளாஸைக் கையில் வைத்துச் சுற்றிக்கொண்டே இருந்தார். இன்னிக்கு அதுக்குள்ள யாரும் இல்லாம இருக்கலாம், ஒருநாள் நிஜமாகவே யாராவது வந்துட்டா நம்பளுக்கு எப்படித் தெரியும் என்றார். நம்ப அது பக்கத்துல நின்னுக்கிணு, உள்ள யாரும் இல்லன்னு பேசிக்கிணே இருப்போம் என்றார். இதை அவர் கம்ப்யூட்டரைப் பற்றிச் சொல்லவில்லை என்று எனக்குப் புரிந்துவிட்டது. பத்து வருஷமாகக் கேட்காததைக் கேட்டேன். அன்னிக்கு இன்னா அண்ணா கேட்டுச்சு?

"மூச்சு இன்ஜின் மாதிரி ஒரே சீரா ஓடிக்கிணு இருந்துச்சு. அந்தப் பொண்ணு வளையல் சத்தம் வந்தப்போ நின்னுச்சு. நின்னு, அப்புறம் வேகமா ஓடுச்சு. அது ஆளா, வெறும் மூச்சான்னு எனுக்குத் தெரில தங்கச்சி. லோடு ஏறுனா இன்ஜினுக்குந்தான் சத்தம் மாறும்."

தெரியல என்றே சொல்லியிருக்கலாமே, அதுதானே உங்கள் வார்த்தை என்றேன். தெரியல என்றால், அவன் இருக்கிறான் என்று உங்கள் அம்மா எடுத்துக்கொண்டிருப்பார்கள், அந்தப் பெண் இன்றைக்கும் அந்தக் கட்டில் காலடியில்தான் கிடந்திருக்கும் என்றார். தெரியாததைத் தெரிந்த மாதிரி சொன்னது தன் ஆயுசில் அது ஒன்றுதான் என்றார்.

பாலத்துகிட்ட நான் சொன்னதாலதானே, என்று கேட்டேன்.

"நீ சொன்னியா? எனுக்கு ஞாபகம் இல்லியே."

எந்த ஊரில் எந்த இன்ஜினுக்கு எந்த வருஷம் பேரிங் மாற்றினார் என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்கிற மனுஷன் அவர். உறுவையாற்றுக்குப் போகிற பஸ் வந்து நின்றது. எழுந்து பையை எடுத்துக்கொண்டேன். அவரும் எழுந்தார்.

"சொன்னதுக்கு நான் வருத்தப்படல. ஆனா வெளிய வந்து சொல்லியிருக்கலாம். அவன் தலைமாட்டுலயே நின்னு சொல்லிட்டேன்."

பஸ்ஸில் ஜன்னலோரம் இடம் கிடைத்தது. கண்டக்டர் இரண்டு முறை கேட்ட பிறகுதான் ஊர் பெயரைச் சொன்னேன். அன்றைக்கு அவர் சொன்னது தம்பியின் காதில் விழுந்திருந்தால், அதைக் கேட்டுக்கொண்டு அவன் இன்னும் பதினாறு மாதம் அந்தக் கட்டிலில் கிடந்திருக்கிறான்.